மதுரைப் புழுக்கத்தில் ஒரு புளூஸ் ஆல்பம்: ஹை-ரெஸ் ஆடியோவில் கேட்க முழுமையான வழிகாட்டி

ஹை-ரெஸ் (சிடியைவிட உயர்ந்த தரப் பதிவு) என்று விற்கப்படும் பாட்டில் கூடுதலாகக் காதில் விழக்கூடியது ஏதாவது இருந்தால், அது மிக மெல்லிய சத்தங்களில்தான் இருக்கும். நம் ஊர் வீடுகளில் அந்த மெல்லிய சத்தத்தை முதலில் தின்பது சீலிங் ஃபேன். அதனால் எந்த டாக் (டிஜிட்டல் கோப்பைக் காதுக்கு ஒலியாக மாற்றித் தரும் கருவி) வாங்கலாம் என்பதைவிட, ஃபேனை எப்போது நிறுத்தலாம் என்பதற்கு இங்கே அதிக இடம் கொடுத்திருக்கிறேன். கருவிக்குப் பெரிய செலவு கிடையாது. கையில் போன் இருந்தால் பாதி வேலை முடிந்தது.

ஆல்பம்

இங்கிலாந்துக் கிட்டார் கலைஞர் எரிக் கிளாப்டனின் ‘அன்பிளக்டு’. 1992 ஜனவரி 16 அன்று, இங்கிலாந்தில் வின்ட்சருக்குப் பக்கத்திலுள்ள பிரே ஸ்டுடியோவில், எம்டிவி நிகழ்ச்சிக்காக ஒரு சின்னக் கூட்டத்துக்கு முன்னால் வாசித்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் வெளியானது. 1993இல் ஆண்டின் சிறந்த ஆல்பத்துக்கான கிராமி வாங்கியது. தயாரிப்பாளர் ரஸ் டைட்டில்மேன். மொத்தம் 14 பாட்டு, ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேலே ஓடும்.

பாதிப் பாட்டு பழைய புளூஸ், அதாவது அமெரிக்கக் கறுப்பின மக்களிடம் பிறந்த பாட்டு வகை: ராபர்ட் ஜான்சன், பிக் பில் புரூன்சி, போ டிட்லி, மடி வாட்டர்ஸ் வழி வந்தவை. மீதி, ரேடியோவில் போட்டாலும் யாரும் ஸ்டேஷனை மாற்றாத மெட்டுகள். பாப்-புளூஸ் என்று சொல்வது அதனால்தான். அசல் புளூஸ் ரசிகர்கள் இதைக் கொஞ்சம் ‘பாலிஷ்’ என்பார்கள். அவர்கள் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் ஹை-ரெஸ்ஸைச் சோதிக்க அந்தப் பாலிஷ்தான் வசதி. மரக்கருவி, நைலான் தந்தி, கை, கால், மூச்சு எல்லாம் ஒரே அறையில், ஒரே நேரத்தில் நடக்கின்றன. சிந்தசைசர் சத்தம் ‘இயல்பாக’ இருக்கிறதா என்று யாராலும் சொல்ல முடியாது. மரப்பலகையில் கால் தட்டும் சத்தம் எப்படி இருக்கும் என்பது எல்லோருக்கும் தெரியும்.

கேட்பதற்கு முன் காதுக்கு ஒரு சின்னப் பாடம்

கச்சேரி கேட்டுப் பழகியவர்களுக்கு புளூஸ் அந்நியமே இல்லை. நாலு எண்ணிக்கை சேர்ந்தது ஒரு பார்; அப்படிப் பன்னிரண்டு பார். 48 எண்ணினால் ஒரு சுற்று முடிந்து திரும்ப ஆரம்பிக்கும். இரண்டாவது பாட்டான ‘பிஃபோர் யூ அக்யூஸ் மீ’யில் தொடையில் தட்டி எண்ணிப் பாருங்கள், மூன்றாவது சுற்றுக்குள் பிடிபட்டுவிடும். ஷஃபிள் என்று அவர்கள் சொல்லும் நடை, மூன்று மூன்றாகப் போகும் நம் திஸ்ர நடைதான். தகிட-வில் நடு எழுத்தை விழுங்கிவிட்டு ‘த..ட த..ட’ என்று போனால் அது ஷஃபிள். புளூ நோட் என்பது பெரும்பாலும் சாதாரண காந்தாரத்துக்கும் அந்தர காந்தாரத்துக்கும் (‘க’ சுரத்தின் தாழ்ந்த, உயர்ந்த வடிவங்கள்) நடுவில் எங்கோ தங்காமல் நழுவுகிற சுரம். தந்தியை இழுத்தோ, ஸ்லைடை (தந்தி மேல் நகர்த்தும் குழாய்) நகர்த்தியோ அதை எடுப்பார்கள். ஸ்லைடு வாசிப்பு எப்படி என்று பார்க்க வேண்டுமானால் நம் சித்திரவீணையைப் பார்த்தால் போதும். மெட்டு (ஃபிரெட்) இல்லாத தண்டின் மேல் ஒரு உருளையை நகர்த்தி வாசிக்கிற அதே வித்தை.

இவ்வளவு தெரிந்தால் போதும். ஹை-ரெஸ்ஸில் எதைத் தேடுவது என்பது இந்த நழுவலிலும் அந்த ‘த..ட’ இடைவெளியிலும்தான் இருக்கிறது.

எண்கள் சொல்வதும், வீடு சொல்வதும்

சிடி என்பது 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ். ஹை-ரெஸ் என்றால் பெரும்பாலும் 24 பிட், 96 அல்லது 192 கிலோஹெர்ட்ஸ். இரண்டு எண்ணும் இரண்டு வேறு விஷயங்கள்.

கிலோஹெர்ட்ஸ் எண்ணைப் பாதியாக்கினால் அந்தக் கோப்பில் அடங்கும் உச்ச அதிர்வெண் கிடைக்கும். சிடியில் அது 22.05 கிலோஹெர்ட்ஸ். மனிதக் காதின் எல்லை 20, அதுவும் சின்ன வயதில். நாற்பதைத் தாண்டியவருக்கு 15 கேட்டாலே நல்ல காதுதான். 96இல் கிடைக்கும் 48 கிலோஹெர்ட்ஸ் வௌவாலுக்குப் பயன்படும்.

பிட் எண் மெல்லிய சத்தத்தின் ஆழம். ஒரு பிட்டுக்கு சுமார் 6 டெசிபல். 16 பிட்டுக்கு 96 டெசிபல், 24 பிட்டுக்குக் கணக்குப்படி 144. இதை உங்கள் அறையில் வைத்துப் பாருங்கள். வேகமாகச் சுற்றும் ஃபேனின் கீழே 50 டெசிபல் இரைச்சல் சாதாரணம். பாட்டின் உச்சத் தட்டல்கள் 90 டெசிபலைத் தொடும்படி வைத்தாலும் மிஞ்சுவது 40. தோராயமாக 7 பிட். நடு ராத்திரியில் ஃபேன் நின்றபின் அறை 30 டெசிபலுக்கு இறங்கினால் 60 டெசிபல், அதாவது 10 பிட் கையில் வரும். இரைச்சலுக்கு அடியில் இருப்பதையும் காது கொஞ்சம் பிரித்துக் கேட்கும் என்பதால் இது கறாரான கணக்கு இல்லை. ஆனால் எங்கே பணத்தையும் முயற்சியையும் போட வேண்டும் என்பதை இது சொல்லிவிடுகிறது.

ஆய்வுகளும் கிட்டத்தட்ட இதே பக்கம்தான். 2007இல் மேயரும் மோரனும் வெளியிட்ட சோதனையில், ஹை-ரெஸ் ஒலியையும் அதையே சிடி தரத்துக்கு இறக்கிய ஒலியையும் மாற்றி மாற்றிக் கேட்க வைத்தார்கள். 554 முறையில் 276 முறை சரி. காசு சுண்டிப் போட்டாலும் அதுதான் வரும். 2016இல் லண்டன் குயின் மேரி பல்கலைக்கழகத்தின் ஜோஷுவா ரைஸ் 18 ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்தார். மொத்தத்தில் 52 சதவீதத்துக்குச் சற்று மேலே சரியாக வந்தது. பயிற்சி கொடுத்தவர்களுக்கு இன்னும் கூடியது. வித்தியாசம் இருக்கிறது, சின்னது, தேடினால் கிடைக்கும். அந்த மனநிலையில் உட்கார்ந்தால் ஏமாற்றம் இருக்காது.

கோப்பு எங்கே கிடைக்கும்

எளிதான வழி ஆப்பிள் மியூசிக். 2021 முதல் கூடுதல் கட்டணம் இல்லாமல் லாஸ்லெஸ் (ஒலியில் எதையும் இழக்காமல் சுருக்கியது) தருகிறார்கள், உச்சம் 24 பிட் 192 கிலோஹெர்ட்ஸ். செட்டிங்ஸில் ஆடியோ குவாலிட்டிக்குப் போய் லாஸ்லெஸ்ஸை நீங்களே ஆன் செய்ய வேண்டும், தானாக வராது. பாட்டு ஓடும்போது திரையில் வரும் லாஸ்லெஸ் சின்னத்தைத் தொட்டால் எத்தனை பிட், எத்தனை கிலோஹெர்ட்ஸ் என்று காட்டும். விளம்பரத்தை விட்டுவிடுங்கள், அந்த எண்ணை நம்புங்கள்.

நாளுக்கு 2 ஜிபி பிளானில் இதை ஸ்ட்ரீம் செய்ய வேண்டாம். 24/96 ஸ்டீரியோ ஒரு நிமிடத்துக்குச் சுருக்காமல் சுமார் 35 எம்பி. லாஸ்லெஸ்ஸாகச் சுருக்கினாலும் முழு ஆல்பம் ஒரு ஜிபியைத் தாண்டும். வைஃபையில் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

இன்னொரு வழி பழைய சிடி. வீட்டில் 1992 சிடி கிடந்தால், அல்லது யாரிடமாவது இருந்தால், எக்ஸாக்ட் ஆடியோ காப்பி என்ற இலவச மென்பொருளில் ஃபிளாக் என்ற லாஸ்லெஸ் கோப்பாக எடுங்கள். இது 16 பிட்தான். இருந்தாலும் இதை எடுத்து வைக்கச் சொல்வதற்குக் காரணம் உண்டு. ஒரே பாட்டை வேறு வேறு ஆண்டுகளில் மாஸ்டர் செய்யும்போது (வெளியிடுவதற்கு முன் ஒலியைக் கடைசியாகச் சீராக்கும்போது) சத்த அளவை மாற்றுவார்கள். பொதுவாக, பின்னால் வரும் பதிப்புகளில் சத்தத்தைத் தூக்கி, மேடு பள்ளத்தைச் சமன் செய்கிற பழக்கம் உண்டு. இந்த ஆல்பத்துக்கே 2013இல் ரீமாஸ்டர் செய்த விரிவான பதிப்பு வந்தது. மாஸ்டர் மாறினால் காதுக்குத் தெரியும் வித்தியாசம், பிட் மாறுவதால் வருவதைவிடப் பலமடங்கு பெரியது. ‘ஹை-ரெஸ்ஸில் ஆஹா’ என்று சொல்பவர்களில் பாதிப் பேர் உண்மையில் வேறு மாஸ்டரைக் கேட்டுவிட்டுத்தான் சொல்கிறார்கள் என்பது என் சந்தேகம்.

யாராவது பென்டிரைவில் ‘24/96’ என்று எழுதிக் கொடுத்தால் ஸ்பெக் என்ற இலவச மென்பொருளில் திறந்து பாருங்கள். வண்ணப்படம் 22 கிலோஹெர்ட்ஸில் கத்தரித்தது போல நின்றால் அது ஊதிப் பெருக்கிய சிடி. 16இலேயே நின்றால் எம்பி3யிலிருந்து ஊதியது.

போனிலிருந்து காது வரை

புளூடூத் வேண்டாம். ஐபோன் ஏஏசி என்ற சுருக்கு முறையில் அனுப்பும், அது நொடிக்கு 256 கிலோபிட் அளவுதான். ஆண்ட்ராய்டின் எல்டாக் என்ற முறை உச்சத்தில் 990. சுருக்காத 24/96 கோப்போ நொடிக்கு 4,608 கிலோபிட். வயர்லெஸ்ஸில் கேட்டாலும் பாட்டு நன்றாகவே இருக்கும், ஆனால் ஹை-ரெஸ்ஸைச் சோதிக்கிறேன் என்று சொல்ல முடியாது.

வயருக்கு ஒரு டாங்கிள் டாக் (போனில் செருகும் சின்ன டாக்) வேண்டும். டவுன் ஹால் ரோடு பக்கம் போய் டைப்-சி கன்வெர்ட்டர் கேட்டால் முதலில் நீட்டுவது பெரும்பாலும் உள்ளே சிப் இல்லாத வெறும் வயர். “அண்ணே, இதுல டாக் இருக்கா?” என்று கேட்டால், “எல்லாம் ஒண்ணுதாண்ணே, பாட்டு வரும், போட்டுப் பாருங்க” என்பார்கள். எல்லாம் ஒன்று இல்லை. டாக் இல்லாத வயர் பல போன்களில் வேலையே செய்யாது. அட்டையில் 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் என்று போட்டிருக்க வேண்டும். கடையிலேயே உங்கள் போனில் செருகிப் பாட்டு வருகிறதா என்று பார்த்துவிட்டு வாங்குங்கள். ஆப்பிளின் சின்ன டைப்-சி கன்வெர்ட்டர் 24/48 வரைதான் போகும். நியாயமாகச் சொன்னால் அதுவே காதுக்குப் போதும்.

ஆண்ட்ராய்டில் இன்னொரு சிக்கல்: எல்லா ஒலியையும் போன் பெரும்பாலும் 48 கிலோஹெர்ட்ஸுக்கு மாற்றித்தான் வெளியே விடும். யூஎஸ்பி ஆடியோ பிளேயர் புரோ போன்ற செயலி அதைத் தாண்டி நேராக டாக்குக்கு அனுப்பும். விண்டோஸில் ஃபூபார் 2000 என்ற இலவச பிளேயரைப் போட்டு, எக்ஸ்க்ளூசிவ் முறையை (விண்டோஸின் மாற்றம் இல்லாமல் நேராக டாக்குக்கு அனுப்புவது) தேர்ந்தெடுங்கள். மேக்கில் ஆடியோ மிடி செட்டப்பில் 96 என்று கையால் மாற்ற வேண்டும்.

ஹெட்போனா, இயர்போனா? புத்தகப்படி பெரிய திறந்த ஹெட்போன்தான் நல்லது. மதுரையில் மே மாதம் அதை மாட்டிக்கொண்டு ஒரு மணி நேரம் உட்கார்ந்து பாருங்கள், காதோரம் வியர்வை வழியும். திறந்த வகை என்பதால் தெருச் சத்தமும் அப்படியே உள்ளே வரும். காதுக்குள் இறுக்கமாகச் செருகும் வயர்டு இயர்போன்தான் இந்த ஊருக்குச் சரி. ரப்பர் முனை சரியான அளவில் பொருந்தினால் வெளிச்சத்தத்தில் 20 டெசிபல் அளவுக்குக் குறையும். மேலே போட்ட கணக்கில் இது மூன்று பிட்டுக்கு மேல். எந்த டாக்காலும் இதைத் தர முடியாது. கூட வரும் மூன்று அளவு முனைகளையும் மாட்டிப் பாருங்கள். சரியாகப் பொருந்தியதும் பாஸ் திடீரென்று நிறைந்துவிடும்.

அறையும் நேரமும்

ஸ்பீக்கரில் கேட்பவர்களுக்கு இந்தப் பகுதி முக்கியம், இயர்போன்காரர்களுக்கும் பாதி பொருந்தும்.

டைல்ஸ் தரை, சுண்ணாம்புச் சுவர், கான்கிரீட் தளம். நம் அறைகள் எதிரொலிக்கென்றே கட்டியவை. நடுவில் நின்று ஒரு முறை கை தட்டுங்கள். ‘டிங்ங்’ என்று ஒரு உலோக வால் நீண்டால், கிட்டாரின் ஒவ்வொரு மீட்டலுக்கும் அந்த வால் ஒட்டிக்கொள்ளும். இதற்கு ஃபோம் பலகை வாங்க வேண்டாம். தேனி, போடிப் பக்கத்து இலவம்பஞ்சு மெத்தை ஒன்றை, நீங்கள் உட்காரும் இடத்துக்குப் பின்சுவரில் நிமிர்த்திச் சாத்துங்கள். தரையில் ஸ்பீக்கருக்கும் உங்களுக்கும் நடுவே ஜமக்காளத்தை இரண்டாக மடித்துப் போடுங்கள். திரும்பவும் கை தட்டினால் வால் குறைந்திருக்கும். ஸ்பீக்கர் இரண்டும் நீங்களும் சம பக்க முக்கோணம், ட்வீட்டர் (உச்ச ஒலி தரும் சின்ன ஸ்பீக்கர்) உங்கள் காது உயரத்தில், சுவரிலிருந்து ஒரு முழமாவது தள்ளி. பீரோ மேல் வைத்த ஸ்பீக்கருக்கு ஹை-ரெஸ் கோப்பு கொடுப்பது வீண்.

அடுத்தது வெப்பம். கோடையில் பகல் முழுக்கக் காய்ந்த மொட்டை மாடித் தளம் நள்ளிரவு வரை உள்ளே அனல் விடும். ஏசி இருந்தால் ஒரு மணி நேரம் ஓடவிட்டு அறையைக் குளிர வைத்து, பிறகு ஏசி, ஃபேன் இரண்டையும் அணைத்துவிட்டுப் பாதி ஆல்பம் கேளுங்கள். இடைவேளை விட்டு மீதி. ஏசி இல்லையென்றால் டிசம்பர், ஜனவரி ராத்திரிகள். மார்கழியில் விடிகாலை வேண்டாம், நாலரைக்கே கோயில் ஸ்பீக்கரில் திருப்பாவை தொடங்கிவிடும். ராத்திரி பதினொன்றுக்கு மேல் சரி. மேலூர், உசிலம்பட்டி, அலங்காநல்லூர்ப் பக்கம் இருப்பவர்கள் எந்த வீட்டில் காதுகுத்து என்று விசாரித்துவிட்டு நாள் குறியுங்கள். குழாய் ஸ்பீக்கர் கட்டியபின் எந்த இயர்போனும் தாங்காது.

அதிகம் பேர் கவனிக்காத நல்ல நேரம் ஒன்று உண்டு: மாதாந்திரப் பராமரிப்புக்காகக் கரண்ட் நிறுத்தும் பகல். தெருவில் டிவி இல்லை, கிரைண்டர் இல்லை, போர் மோட்டார் இல்லை. பேட்டரியில் ஓடும் போனுக்கு மின்கம்பி இரைச்சலும் கிடையாது. வியர்க்கும், அது வேறு கதை.

இன்வெர்ட்டர் பழைய ஸ்கொயர் வேவ் வகையாக இருந்தால் அது ஓடும்போது ஃபேனும் அடாப்டரும் ‘ர்ர்ர்’ என்று முனகும், ஸ்பீக்கரிலும் அது ஏறும். லேப்டாப்பில் கேட்கும்போது ஹம் (தொடர் முனகல்) வந்தால் முதலில் சார்ஜரைக் கழற்றிப் பாருங்கள், அநேகமாக அங்கேயே நின்றுவிடும்.

இப்போது கேட்கலாம்

சத்தத்தை ஒரு முறை வைத்துவிட்டு மாற்றாதீர்கள். நான்காவது பாட்டான ‘டியர்ஸ் இன் ஹெவன்’ ஓடும்போது கிளாப்டன் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து பாடும் அளவுக்கு இருந்தால் போதும். 1991இல் நான்கு வயது மகனை இழந்தபின் எழுதிய பாட்டு; சத்தமாக வைத்துக் கேட்க வேண்டியதில்லை.

‘சினியே’ என்ற முதல் பாட்டில் வார்த்தை கிடையாது. நைலான் தந்தியும், ரே கூப்பரின் சின்னத் தாளக்கருவிகளும். அந்தச் சலங்கைச் சத்தம் ‘இஸ்’ என்று ஒரே பூச்சாகக் கேட்டால் எங்கேயோ எம்பி3 நுழைந்துவிட்டது என்று அர்த்தம். மணி மணியாகப் பிரிய வேண்டும்.

மூன்றாவது பாட்டு ‘ஹே ஹே’. இதைத்தான் உலகம் முழுக்க ஸ்பீக்கர் சோதிப்பவர்கள் போடுகிறார்கள், காரணம் கிளாப்டனின் கால். தாளத்துக்கு மேடையில் தட்டிக்கொண்டே இருக்கிறார். சாதாரண போன் ஸ்பீக்கரில் அந்தத் தட்டலே கேட்காது. சுமாரான செட்டில் ‘டொம்’ என்று ஒரு பாஸ் டிரம் போலக் கேட்கும். நல்ல செட்டில், அமைதியான அறையில், ஷூ பலகையைத் தொடும் நொடியும், பலகை அதிர்ந்து அடங்கும் நேரமும் தனித்தனியாகத் தெரியும். பலகைக்குக் கீழே வெற்றிடம் இருப்பது வரை புரியும். இந்த மூன்று நிமிடச் சொச்சத்தை மட்டும் ஃபேன் போட்டு ஒரு முறை, நிறுத்தி ஒரு முறை கேளுங்கள். நான் இவ்வளவு நேரம் ஃபேனைத் திட்டியதன் காரணம் அப்போது விளங்கும்.

‘லைலா’வுக்கு முன் அவர், இது என்ன பாட்டென்று கண்டுபிடியுங்கள் பார்ப்போம் என்பது போலக் கூட்டத்தைச் சீண்டுகிறார். 1970இல் மின் கிட்டார் அலறலோடு வந்த பாட்டு, இங்கே மெதுவான ஷஃபிளாக உருமாறி வருகிறது. வார்த்தை தொடங்கியதும்தான் கூட்டம் பிடிக்கிறது. அந்தக் கைதட்டலைக் கவனியுங்கள்: ஒரு மழைச் சத்தமாக வருகிறதா, இல்லை இடது வலதாக, முன் பின்னாகத் தனிக் கைகள் தெரிகின்றனவா? எம்பி3 போலச் சுருக்கிய கோப்பு முதலில் தடுமாறுவது கைதட்டலில்தான்.

‘ரன்னிங் ஆன் ஃபெய்த்’, ‘வாக்கிங் புளூஸ்’ இரண்டிலும் டோப்ரோ, ஸ்லைடு. உலோகக் கிண்ணம் வைத்த கிட்டார். ஸ்லைடு தந்தியில் உரசும் சத்தத்தையும் சுரத்தையும் தனியாகக் கேளுங்கள். காந்தாரம் நழுவும் இடம் இங்கேதான் நன்றாகப் பிடிபடும். ‘ஆல்பர்ட்டா’வில் 12 தந்திக் கிட்டார், இரட்டைத் தந்திகள் இம்மி வித்தியாசத்தில் ஒன்றோடொன்று அசையும் அந்த மினுமினுப்பு, மோசமான இயர்போனில் வெறும் கீச்சொலியாக மாறிவிடும். ‘சான்ஃபிரான்சிஸ்கோ பே புளூஸ்’ கசூ (வாயில் வைத்து முனகும் விளையாட்டு ஊதல்) ஊதிச் சிரிக்க வைக்கும் பாட்டு, சோதிக்க ஒன்றுமில்லை. ‘மால்ட்டட் மில்க்’கைத் தாண்டி ‘ஓல்டு லவ்’வுக்கு வாருங்கள், ஆல்பத்திலேயே நீளமானது, சக் லெவலின் பியானோ தனியாக எழும்பும்போது நேதன் ஈஸ்ட்டின் பாஸ் அதற்கடியில் எங்கே நிற்கிறது என்று தொடர்ந்து பாருங்கள்.

கிட்டார் ரசிகர்களுக்கு ஒரு தகவல்: இந்த நிகழ்ச்சியில் கிளாப்டன் வாசித்த 1939 மார்ட்டின் கிட்டார் 2004இல் நியூயார்க் கிறிஸ்டீஸ் ஏலத்தில் 7,91,500 டாலருக்குப் போனது.

கடைசிப் பாட்டு ‘ரோலிங் அண்ட் டம்ப்ளிங்’ பாதியிலிருந்து பிடித்தது போலத் தொடங்கும். கோப்பு கெட்டுவிட்டது என்று திரும்ப இறக்க வேண்டாம். நடுவில் சும்மா வாசிக்க ஆரம்பித்ததைப் பதிவுக்காரர்கள் தாமதமாகத்தான் பிடித்தார்கள்.

உண்மையிலேயே கேட்கிறதா என்று பார்க்க

இரண்டு வேறு பதிப்புகளை ஒப்பிடாதீர்கள், முன்பு சொன்ன மாஸ்டர் பிரச்சினை வரும். பூட்டு இல்லாத 24/96 கோப்பு ஒன்றை ஃபூபாரில் 16/44.1 ஆக மாற்றி இன்னொரு கோப்பாக வைத்துக்கொள்ளுங்கள் (ஆப்பிள் மியூசிக்கில் இறக்கியது பூட்டோடு வருவதால் ஃபூபாரில் திறக்காது). டிதர் (பிட் குறைக்கும்போது வரும் கரகரப்பைத் தவிர்க்கச் சேர்க்கும் மெல்லிய இரைச்சல்) போட மறக்க வேண்டாம். பிறகு அதே ஃபூபாரில் ஏபிஎக்ஸ் என்ற கூடுதல் பாகத்தைச் சேர்த்தால், எது எது என்று காட்டாமல் மாற்றி மாற்றிப் போடும். சத்த அளவைச் சமன் செய்யும் வசதியும் அதில் உண்டு, கட்டாயம் பயன்படுத்துங்கள். அரை டெசிபல் கூடினாலும் காது அதைத்தான் ‘தெளிவு’ என்று சொல்லும்.

‘ஹே ஹே’யில் கால் தட்டும் பத்து நொடி, ‘லைலா’வின் கைதட்டல் முடிந்து அடங்கும் இடம், இந்த இரண்டையும் எடுத்து 16 முறை சோதியுங்கள். 12 அல்லது அதற்கு மேல் சரியாக வந்தால், வெறும் குருட்டு அதிர்ஷ்டத்தில் அது நடக்க நூற்றுக்கு நாலு வாய்ப்புகூடக் கிடையாது. உங்கள் காதுக்கு 24/96 தேவைதான், வைத்துக்கொள்ளுங்கள். அதற்குக் கீழே வந்தால் 16 பிட் கோப்பைப் போனில் வைத்துவிட்டுப் பெரியதை அழித்துவிடுங்கள். மிச்சமாகும் இடத்தில் இன்னும் இரண்டு ஆல்பம் ஏற்றலாம்.